முப்பத்தொரு தடவை காணாமல் போனவர்

ஜீவனாம்சத் தீர்ப்பு வந்த அன்றைக்குச் சௌந்திரம் கோர்ட்டு வாசல் பேக்கரியில் தேங்காய் பன் வாங்கி வக்கீலுக்கும், வக்கீல் குமாஸ்தாவுக்கும், ஆட்டோக்காரருக்கும், யாருக்காகவோ அங்கே காத்து நின்ற இரண்டு பேருக்கும் கொடுத்தாள். தீர்ப்பு வந்தால் பணமும் பின்னாலேயே வந்துவிடும் என்று நினைத்திருந்தாள். அவள் புதுச்சத்திரத்தில் ஒரு முட்டை குடோனில் வேலை செய்கிறவள். பல்பு வெளிச்சத்தில் முட்டையைக் காட்டி, உள்ளே கெட்டிருக்கிறதா என்று ஒரு நொடியில் சொல்லிவிடுவாள். அந்த வித்தை தீர்ப்புகளிடம் பலிக்காது என்பது அப்போது அவளுக்குத் தெரியாது.

எந்த ஊர்க் கோர்ட்டு என்று சொல்வது மரியாதையாக இருக்காது. சேலத்தில் ஏறினால் உட்கார இடமில்லாத, நாமக்கல்லில் ஏறினால் நிற்கவும் இடமில்லாத ஒரு பஸ் அங்கே போகிறது. அது போதும்.

சௌந்திரத்தின் புருசன் தீனதயாளன் போர் போடுகிற ரிக் லாரி வைத்திருந்தான். முதல் லாரி கடனில் வந்தது. இரண்டாவது லாரி சௌந்திரத்தின் இருபத்திரண்டு பவுனை விற்று வந்தது. ரிக்கோடு வடக்கே போய் நாலு காசு பார்த்துத் திரும்பியபோது அவனோடு இன்னொருத்தி வந்தாள். ஆடி மாதம், ஒரு வெள்ளிக்கிழமை, சௌந்திரமும் ஐந்து வயது கனிஷ்காவும் வீட்டுக்கு வெளியே நின்றார்கள். கையில் ஒரு கட்டைப் பை.

கோர்ட்டில் தீனதயாளன், தான் தினக்கூலி என்றும், ரிக் லாரியைத் தூரத்தில் பார்த்ததோடு சரி என்றும் சத்தியம் செய்தான். அவனுடைய பங்காளிகள் மூன்று பேர் வந்து ஆமாம் என்றார்கள். நீதிபதி நம்பவில்லை. மனைவிக்கு ஐயாயிரம், மகளுக்கு மூவாயிரம், மாதம் ஐந்தாம் தேதிக்குள் என்று தீர்ப்பு எழுதினார்.

இந்த மாதிரித் தீர்ப்பு வந்தால் மற்ற ஆண்கள் ராத்திரியோடு ராத்திரியாகச் சொத்தைத் தம்பி பெயருக்கு மாற்றுவார்கள். தீனதயாளன் அந்தச் சிரமத்தைக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. வீடு, ஒன்றரை ஏக்கர் காடு, இரண்டு ரிக், பேங்குப் பணம் எல்லாம் அவன் பெயரிலேயே கிடந்தன. நீதித்துறையின் மீது அவனுக்கு இருந்த நம்பிக்கை அப்படிப்பட்டது.

நம்பிக்கை வீண்போகவில்லை. முதல் ஐந்தாம் தேதி வந்து போனது. பன்னிரண்டு ஐந்தாம் தேதிகள் வந்து போயின. சௌந்திரம் குடியிருந்த லைன் வீடு நெடுஞ்சாலையை ஒட்டி இருந்தது. தீனதயாளனின் ரிக் அந்த வழியாகத்தான் போகும். லாரியின் நெற்றியில் ஆள் உயரத்துக்கு 'கனிஷ்கா' என்று எழுதியிருக்கும். அது கடக்கும்போதெல்லாம் அலமாரியில் டம்ளர்கள் கிடுகிடுக்கும். மகள் பெயரில் லாரி ஓடியது. மகளுக்குச் செருப்பு வாங்கச் சௌந்திரம் ஞாயிற்றுக்கிழமையும் குடோனுக்குப் போனாள்.

அவள் மனசு அப்போதுதான் கெட்டிப்பட்டது. பணம்கூட அப்புறம். அவனுக்குக் கைவிலங்கு போட்டு, புதுச்சத்திரம் பஸ் நிறுத்தத்தில், தெரிந்தவர்கள் அத்தனை பேரும் பார்க்க நடத்திக் கூட்டிப்போக வேண்டும். குலதெய்வத்திடம் அவள் வேறு வேண்டுதல் வைக்கவில்லை.

"அதுக்கு வழி இருக்குதுங்க அம்மணி" என்றார் வக்கீல் நவநீதகிருஷ்ணன். "நிறைவேத்து மனு போட்டா வாரண்டு போடுவாங்க. ஒரு மாசப் பாக்கிக்கு ஒரு மாசம் உள்ள வெக்கலாம். வருசம் தவறாம மனுப் போட்டுக்கிட்டே வரோணும், உட்டுட்டமுன்னா பழைய பாக்கி செல்லாது."

மனு போட்டார்கள். வாரண்டு வந்தது. அதை எடுத்துக்கொண்டு ஏட்டு பச்சமுத்து, தீனதயாளன் வீட்டுக்குப் போனார். தீனதயாளன் வாசலில் கட்டிலில் உட்கார்ந்திருந்தான். ஏட்டுக்கு மோர் வந்தது. குடித்துவிட்டு வாரண்டின் பின்பக்கத்தில், 'எதிர்மனுதாரரை நேரில் சென்று தேடியும் காணவில்லை' என்று எழுதினார். எழுதுவதற்குப் பேனா தீனதயாளன் கொடுத்தது.

ஐந்தாவது வாரண்டின்போது சௌந்திரம் குடோனில் லீவு சொல்லிவிட்டு ஏட்டின் பின்னாலேயே போனாள். தீனதயாளன் ரிக்குக்குப் பூசை போட்டுக்கொண்டிருந்தான்.

"அதா நிக்கறாருங்க!" என்றாள். "நெத்தியில சந்தனம் வெச்சிக்கிட்டு!"

ஏட்டு வாரண்டை விரித்துப் பொறுமையாகப் படித்தார். "இதுல என்ன போட்டிருக்கு பாரும்மா. தீனதயாளன், தகப்பன் பேரு நாச்சிமுத்து, வயசு முப்பத்தெட்டு. இவரு வயசு என்ன?"

"நாப்பதுங்க" என்றான் தீனதயாளன்.

"பாத்தியா? ஆள் வேற."

"கேசு போட்டப்ப முப்பத்தெட்டுங்க. ரெண்டு வருசமா நீங்க புடிக்காததுனால நாப்பது ஆயிருச்சு!"

"அதுக்கு நான் என்ன பண்ண முடியும்? கோர்ட்டு முப்பத்தெட்டு வயசு ஆளைப் புடிக்கச் சொல்லுது. நாப்பது வயசு ஆளைப் புடிச்சிட்டுப் போனா எம் மேல கேஸாயிடும். வயசைத் திருத்த மனு போட்டு வாங்கிட்டு வாம்மா."

வயதைத் திருத்தும் மனு ஒன்றரை வருடம் நடந்தது. நாற்பது என்று உத்தரவு வந்த அன்று தீனதயாளனுக்கு நாற்பத்திரண்டு நெருங்கியிருந்தது.

"மேல்கோர்ட்டுக்குப் போயிரலாமுங்க" என்றார் நவநீதகிருஷ்ணன். "கீழ இருக்கற கோர்ட்டெல்லாம் ஒழுங்கா நடக்குதான்னு பாக்கற அதிகாரம் அவங்களுக்கு இருக்குது. மேற்பார்வை அதிகாரம். லேசுப்பட்டதில்லீங்க அது."

சௌந்திரம் தோட்டை அடகு வைத்தாள். இரண்டு பஸ் மாறிப் பட்டணம் போய், கோயில் கோபுரம் மாதிரி இருந்த அந்தக் கட்டடத்தில் ஒரு தூணோரம் நின்றாள். அவளுடைய வழக்கு நாலு நிமிடம் நடந்தது. அந்த நாலு நிமிடமும் மேல்கோர்ட்டு நீதிபதி கோபமாக இருந்தார்.

"நாலு வருடமாக ஒரு பெண் அலைகிறாள். கீழ் நீதிமன்றம் தூங்குகிறதா? இந்த நீதிமன்றத்தின் கண்கள் மூடுவதே இல்லை. ஏன் தாமதம் என்று நாமே ஆராய்வோம். வழக்குக் கட்டு முழுவதையும் உடனே இங்கே அனுப்பச் சொல்லுங்கள்!"

சௌந்திரத்துக்குக் கண் நிறைந்துவிட்டது. ஊர் திரும்பும்வரை கை கூப்பியபடியே வந்தாள்.

கட்டு உடனே போனது. அரசாங்கத்தில் உடனே என்பது ஐந்து மாதம். அடுத்த வாய்தாவுக்குப் போனபோது கோர்ட்டின் தலைமை எழுத்தர், சிரஸ்தார் கௌதமன், அவளைப் பார்த்து முதல் தடவையாகச் சிரித்தார்.

"உங்க கட்டு மேல போயிருச்சுங்கம்மா. கட்டு இல்லாம நாங்க கேசைக் கூப்பிட முடியாதுங்க."

"கேசு ஏன் நடக்குலீன்னு பாக்கறதுக்குத்தானுங்க கட்டே மேல போயிருக்குது?"

"ஆமாங்க."

"கட்டு மேல போனதுனால கேசு நடக்காதுங்களா?"

"கரெக்டா புரிஞ்சிக்கிட்டீங்க. நெறையப் பேருக்குச் சொன்னாப் புரியாது."

மேலே விசாரித்தால், தாமதத்துக்குக் காரணம் கேட்டுக் கீழ்க்கோர்ட்டிடம் அறிக்கை கேட்டிருப்பதாகவும், அது வந்ததும் ஆராய்வதாகவும் சொன்னார்கள். கீழே விசாரித்தால், கட்டைப் பார்க்காமல் அறிக்கை எழுத முடியாது, ஆகவே கட்டைத் திருப்பி அனுப்பக் கேட்டு மேலே எழுதியிருப்பதாகச் சொன்னார்கள். ஆராய்ந்து முடிக்காமல் கட்டைத் திருப்ப முடியாது என்று மேலேயிருந்து பதில் வந்தது. இரண்டு கோர்ட்டும் மிகுந்த மரியாதையோடு இரண்டரை வருடம் கடிதம் எழுதிக்கொண்டன. சிரஸ்தார் அந்தக் கடிதங்களை ஒரு தனிக் கோப்பில் கோத்து வைத்திருந்தார். "என்ன ஒரு நடைங்க!" என்று ஒரு நாள் அவளுக்கே படித்துக் காட்டினார்.

இதற்கிடையில் வாரண்டு மட்டும் நின்றபாடில்லை. அது வழக்கம். ஏட்டு பச்சமுத்து ஒவ்வொன்றையும் எடுத்துக்கொண்டு போய், மோர் குடித்து, காணவில்லை என்று எழுதித் திருப்பிக்கொண்டிருந்தார். அவரும் அரசாங்க ஊழியர்தானே.

கட்டு ஒருவழியாகத் திரும்பிய வருடம் மேல்கோர்ட்டிலிருந்து மேற்பார்வை நீதிபதி நேரில் ஆய்வுக்கு வருவதாகத் தகவல் வந்தது. கோர்ட்டு அல்லோலகல்லோலப்பட்டது. சுவருக்கு வெள்ளை அடித்தார்கள். கல்யாண மண்டபத்திலிருந்து பூந்தொட்டிகளை வாடகைக்கு எடுத்து வரிசை கட்டினார்கள். ஒரே ஒரு குறை. கோர்ட்டில் தண்ணீர் இல்லை. வருகிற நீதிபதி கை கழுவ வேண்டும் என்று சொன்னால் மானம் போய்விடும். அவசரமாகப் போர் போட வேண்டும். அரசாங்க முறைப்படி போட்டால் மூன்று வருடம் ஆகும். அந்தப் பக்கத்தில் யார் நன்றாகப் போர் போடுகிறார்கள் என்று சிரஸ்தார் விசாரித்தார். எல்லோரும் ஒரே பெயரைச் சொன்னார்கள். பதினேழு வாரண்டுக்குக் கிடைக்காத தீனதயாளன் ஒரே போனில் கிடைத்தான்.

ஆய்வு நாளன்று வழக்குக்காரர்கள் யாரும் வர வேண்டாம் என்று சொல்லியனுப்பியிருந்தார்கள். இடம் அசிங்கமாகிவிடும் அல்லவா. ஆனால் விருந்துக்கு முட்டை வேண்டியிருந்தது. குடோன் முதலாளி இருபது அட்டை நன்கொடையாகக் கொடுத்து, கொண்டுபோய் இறக்கச் சொல்லி அனுப்பிய ஆள் சௌந்திரம்.

அவள் முட்டை அட்டையோடு பந்தல் ஓரம் நின்றபோது மேற்பார்வை நீதிபதி பேசிக்கொண்டிருந்தார்.

"கீழ் நீதிமன்றங்களைக் கண்காணிப்பது எமது புனிதக் கடமை. எத்தனையோ நீதிமன்றங்களைப் பார்த்திருக்கிறேன். எங்கும் கூட்டம், எங்கும் அழுகை. இங்கேயோ ஒரு வழக்குக்காரர்கூட என் கண்ணில் படவில்லை! குறையே இல்லாத நீதிமன்றம் இது என்பதற்கு வேறு சான்று வேண்டுமா? நீதி இங்கே தண்ணீராக ஓடுகிறது. இதோ, தண்ணீரும் ஓடுகிறது. ஒரு காசு வாங்காமல் இந்த ஆழ்துளைக் கிணற்றை அமைத்துத் தந்த அன்பர் தீனதயாளனை மேடைக்கு அழைக்கிறேன்."

தீனதயாளன் வெள்ளை வேட்டி சரசரக்க ஏறினான். நீதிபதி அவனுக்குப் பொன்னாடை போர்த்தினார். முன்வரிசையிலிருந்து பெரிதாகக் கைதட்டியவர் ஏட்டு பச்சமுத்து.

சௌந்திரத்தின் கையிலிருந்து அட்டை நழுவியது. முப்பது முட்டையும் பந்தல் தரையில் உடைந்தன.

"சாமி, அவருதானுங்க! வாரண்டு ஆளுங்க! இந்தக் கட்டடத்துக்குள்ளதானுங்க காணோமுன்னு எழுதி வெச்சிருக்குது! புடிங்க சாமி!"

எல்லோரும் திரும்பினார்கள். மேற்பார்வை நீதிபதி கோபப்படவில்லை. அவர் கருணையானவர்.

"அம்மா, இது விழா. கோர்ட்டு வளாகத்தில் வழக்கைப் பற்றிப் பேசக் கூடாது. உங்கள் குறையை முறைப்படி மனுவாகக் கொடுங்கள். யாராவது அந்த முட்டையைத் துடையுங்கள்."

மேடையிலிருந்து தீனதயாளன் அவளைப் பார்த்தான். பொன்னாடையைச் சரிசெய்துகொண்டு லேசாகச் சிரித்தான். அந்தச் சிரிப்பை அவள் வீட்டுக்குக் கொண்டுபோனாள். சோறு வடிக்கும்போதும், முட்டை பார்க்கும்போதும், கனிஷ்காவுக்குத் தலை சீவும்போதும் அது கூடவே இருந்தது. உடைந்த முப்பது முட்டையை முதலாளி சம்பளத்தில் பிடித்துக்கொண்டார். அந்த வாரமே பதினெட்டாவது வாரண்டு திரும்பியது. 'பல இடங்களிலும் தேடியும் எதிர்மனுதாரர் எங்கிருக்கிறார் என்றே தெரியவில்லை.'

இப்படியே ஒன்பதாவது வருடம் பிறந்தது. மேல்கோர்ட்டில் யாரோ நிலுவை வழக்குகளின் எண்ணிக்கையைக் கூட்டிப் பார்த்துவிட்டார்கள். மேற்பார்வை அதிகாரத்தைப் பயன்படுத்தி ஒரு சுற்றறிக்கை இறங்கியது. நிலுவையை மார்ச்சுக்குள் பாதியாகக் குறைக்க வேண்டும். ஏழு வருடத்துக்கு மேல் தகவலே இல்லாத ஆட்களின் வழக்குகளை ஆராய்ந்து, சட்டப்படி அவர்கள் இறந்துவிட்டதாக அனுமானித்து, முடித்து வைக்கலாம்.

சௌந்திரத்தின் வழக்கு அன்றைக்கு முதல் வழக்காகக் கூப்பிடப்பட்டது. ஒன்பது வருடத்தில் அதுவே முதல் தடவை. புதிதாக வந்திருந்த நீதிபதி கட்டைப் புரட்டினார்.

"முப்பத்தொரு வாரண்டு. முப்பத்தொரு தடவையும் ஆளைக் காணவில்லை. ஏட்டு, எல்லாம் உங்கள் கையெழுத்துதானா?"

"ஆமாங்கய்யா" என்றார் பச்சமுத்து பெருமையாக.

"ஒரு தடவையாவது தீனதயாளனைப் பார்த்தீர்களா?"

பார்த்தேன் என்றால் முப்பத்தொரு கையெழுத்தும் பொய்யாகும். அடுத்த வருடம் ஓய்வு. பென்ஷன் இருக்கிறது. "இல்லைங்கய்யா" என்றார்.

சௌந்திரம் கூண்டுக்கு ஓடினாள். "சாமி, அவரு உசுரோட இருக்காருங்க! போன செவ்வாக்கெழமை சந்தையில கத்திரிக்கா வாங்கிட்டு இருந்தாரு. நான் கண்ணால பாத்தனுங்க!"

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.

"அம்மா, உங்கள் துயரம் புரிகிறது. கணவர் உயிரோடு இருக்க வேண்டும் என்று மனைவி நினைப்பது இயற்கை. ஆனால் உங்களிடம் இருப்பது வெறும் வாய்ச்சாட்சி. என்னிடம் இருப்பது அரசு ஊழியர் கையெழுத்திட்ட முப்பத்தொரு ஆவணங்கள். ஒரு கத்திரிக்காய்க்காக அவற்றை நான் ஒதுக்கிவிட முடியாது. நீதிமன்றமே தன் ஆவணங்களை நம்பாவிட்டால் மக்கள் எப்படி நீதிமன்றத்தை நம்புவார்கள்?"

பிறகு உத்தரவைச் சொன்னார். எதிர்மனுதாரர் தீனதயாளன் இறந்துவிட்டதாக அனுமானிக்கப்படுகிறார். இறந்தவரிடம் ஜீவனாம்சம் வசூலிக்க முடியாது என்பதால் மனு முடிக்கப்படுகிறது. அவர் உயிரோடு இருப்பதாக மனுதாரர் சொன்ன சாட்சியம் ஏற்கப்படவில்லை. மறைந்த எதிர்மனுதாரரின் மனைவிக்கும் மகளுக்கும் இந்த நீதிமன்றம் தன் ஆழ்ந்த இரங்கலைத் தெரிவித்துக்கொள்கிறது.

எல்லோரும் எழுந்து ஒரு நிமிடம் நின்றார்கள். ஏட்டு தொப்பியைக் கழற்றினார். உத்தரவு ஒப்புதலுக்கு மேலே போய் மறுநாளே திரும்பியது. ஒன்பது வருடத்தில் இரண்டு கோர்ட்டும் ஒத்துப்போன முதல் விஷயம் அதுதான்.

சௌந்திரம் எதிரிலிருந்த டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து அழுதாள். அவன் ஜெயிலுக்குப் போயிருக்க வேண்டும். செத்துத் தப்பித்துவிட்டான். நவநீதகிருஷ்ணன் இரண்டு டீ சொல்லிவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என்னாலானதெல்லாம் பண்ணிட்டனுங்க அம்மணி. இனி அவரு நம்மளப் பொறுத்தவரைக்கும் செத்தவருதான். மனசத் தேத்திக்குங்க."

சௌந்திரம் மூக்கைச் சிந்தினாள். உத்தரவை வாங்கி, எழுத்துக்கூட்டி, இன்னொரு தடவை படித்தாள். மறைந்த எதிர்மனுதாரரின் மனைவி. அழுகை மெல்ல நின்றது.

"ஏனுங்க வக்கீலய்யா?"

"சொல்லுங்க."

"செத்தவரு சொத்து ஆருக்குங்க சேரும்?"

வாய்க்குப் போன டீ டம்ளர் பாதியில் நின்றது. நவநீதகிருஷ்ணன் அதை மெதுவாகக் கீழே வைத்தார். அவளுக்கு விவாகரத்து ஆகவில்லை. தீனதயாளன் கூட்டி வந்தவளுக்குத் தாலி கட்டவில்லை. அவனுடைய தாய் தகப்பன் போய்ச் சேர்ந்தாயிற்று. வக்கீல் இருபது வருடத் தொழிலில் முதல் தடவையாக வாய்விட்டுச் சிரித்தார்.

அடுத்த வாரம் அவர்கள் வி.ஏ.ஓ.விடம் போனார்கள். அவர் உத்தரவைப் படித்துவிட்டுக் குழம்பினார். "காலையில அவருகூடத்தானுங்க டீ குடிச்சேன். நல்லாத்தான் இருந்தாரு." பிறகு கோர்ட்டு முத்திரையைப் பார்த்தார். "ஆனா கோர்ட்டே சொன்ன பொறவு நாம என்னங்க பேசறது? எத்தன காப்பி வேணும்?"

உயிரோடு இருப்பவர்களின் வேலைக்குத்தான் ஆபீசுகளில் தாமதம். செத்தவர்களுக்கு எல்லோரும் ஓடி ஓடிச் செய்கிறார்கள். இறப்புச் சான்று வந்தது. வாரிசுச் சான்று வந்தது: சௌந்திரம், மனைவி, கனிஷ்கா, மகள். வீட்டு வரி, மின் இணைப்பு, பட்டா, இரண்டு ரிக்கின் ஆர்.சி. புத்தகம் எல்லாம் இரண்டு மாதத்தில் பெயர் மாறின.

தீனதயாளனுக்குத் தான் செத்தது டீசல் பங்க்கில் தெரிந்தது. கார்டு வேலை செய்யவில்லை. பேங்குக்குப் போனான். மேனேஜர் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு எழுந்து நின்றார்.

"சார், நீங்க போன மாசம் காலமாயிட்டீங்க."

"யோவ், முன்னால நிக்கறேன், தெரியலையா?"

"தெரியுதுங்க. எங்களுக்கும் வருத்தம்தானுங்க. ஆனா இறந்தவரு பணம் எடுக்கறதுக்கு ரூல் இல்லீங்க. வாரிசைக் கூட்டிட்டு வாங்க."

அவன் நேராகப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனான். ஏட்டு பச்சமுத்து அவனைக் கண்டதும் கதவை உள்ளே தாழிட்டுக்கொண்டு ஜன்னல் வழியாகப் பேசினார்.

"உன்னை நான் பாத்ததே இல்லைன்னு கோர்ட்டுல சொல்லியிருக்கேன். இப்பப் பாத்தா என் பென்ஷன் போயிடும். தயவுசெஞ்சு போயிடுப்பா."

"என் ஊட்டுல முப்பத்தோரு தடவை மோர் குடிச்சீங்களேய்யா!"

"யாரோ குடுத்தாங்க, குடிச்சேன்" என்றார் ஏட்டு, ஜன்னலையும் சாத்தியபடி.

கோர்ட்டில், தான் உயிரோடிருப்பதாக மனு எழுதிக்கொண்டு போய் நின்றான். சிரஸ்தார் கௌதமன் அதை விரல் நுனியால் திருப்பித் தந்தார்.

"செத்தவரு பேர்ல மனு வாங்க முடியாதுங்க. சட்டப்படி வாரிசுதான் தாக்கல் பண்ணணும். உங்க வாரிசு சௌந்திரம் அம்மாவைக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க."

"நீங்கதானே என்னைக் கூப்பிட்டுப் போர் போடச் சொன்னீங்க! இந்தக் கொழாய்ல வர்ற தண்ணி என்னுதுங்க!"

"நல்ல தண்ணிங்க" என்றார் சிரஸ்தார். "உங்க நெனைவா இருக்கும்."

மேல்கோர்ட்டுக்கும் போனான். அங்கே நாலு நிமிடம் கடுமையாகக் கோபப்பட்டார்கள். உயிரோடிருக்கும் ஒருவரைக் கீழ்க்கோர்ட்டு எப்படிச் சாகடித்தது என்று ஆராய, கட்டு முழுவதையும் அனுப்பச் சொல்லி உத்தரவிட்டார்கள். கட்டு இப்போது மேலே இருக்கிறது. கடிதப் போக்குவரத்து தொடங்கிவிட்டது.

அவன் கூட்டி வந்தவள் ஒரு காலையில் நகைப் பெட்டியோடு திருச்செங்கோட்டுக்குப் பஸ் ஏறினாள். செத்தவனோடு குடித்தனம் நடத்தினால் ஊர் என்ன சொல்லும் என்று கேட்டாளாம். அவள் போன நாளிலேயே சௌந்திரம் நாலு கூலியாட்களோடு வந்து, வீட்டுக்கு வேறு பூட்டுப் போட்டாள். தீனதயாளன் ரிக் ஷெட்டில் படுத்தான். அங்கிருந்த டிரைவர் மூன்றாம் நாள் தலையைச் சொறிந்துகொண்டு, "ஓனரம்மா வெளியாள வெக்க வேண்டாம்னுட்டாங்க" என்றான்.

செத்தவனுக்குக் கருமாதி செய்யாமல் விடக் கூடாது என்று சொந்தத்தில் பேச்சு எழுந்தது. சௌந்திரம் உடனே ஒத்துக்கொண்டாள். வாசலில் பந்தல் போட்டாள். கல்யாண போட்டோவில் தன் பாதியை வெட்டியெடுத்துவிட்டு மீதிக்கு மாலை போட்டாள். தாலியைக் கழற்றி மஞ்சள் தண்ணீரில் போட்டபோது, ஒன்பது வருடமாகக் கழுத்தில் தொங்கிய ஏதோ ஒரு கல் இறங்கியது போலிருந்தது. கிளிப்பச்சைச் சேலை கட்டிக்கொண்டாள். பெரியவர் ஒருவர் முணுமுணுத்தார்.

"ஆர்டர்ல சேலை நெறத்தப் பத்தி ஒண்ணும் போடலீங்க பெரியப்பா" என்றாள்.

கூட்டம் நல்ல கூட்டம். சிரஸ்தார் வந்திருந்தார். ஏட்டு வந்திருந்தார். தீனதயாளனைத் தினக்கூலி என்று சாட்சி சொன்ன மூன்று பங்காளிகளும் முதல் பந்தியிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். ரிக்குகளில் வேலை கேட்டு மூவரும் அவளிடம் மனு போட்டிருந்தார்கள்.

அப்போதுதான் தீனதயாளன் வந்தான். மழிக்காத முகம், நாலு நாள் சட்டை. அவன் தன் போட்டோவையும் மாலையையும் பார்த்தான். ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். பங்காளிகள் பாயசத்தைக் கலக்கினார்கள். சிரஸ்தார் வானத்தைப் பார்த்தார். ஏட்டு இலையை விட்டுத் தலையை எடுக்கவில்லை.

"சௌந்திரம்" என்றான். "ஒரே ஒரு வார்த்தை சொல்லு புள்ள. நான் உசுரோட இருக்கறேன்னு வந்து சொல்லீரு. உன்ற காலுல வேணா உளுகறேன்."

"நான் சொன்னனுங்களே" என்றாள் அவள். குரலில் கொஞ்சமும் கோபமில்லை. "சந்தையில பாத்தேன், கத்திரிக்கா வாங்குனாருன்னு கூண்டுல நின்னு சொன்னேன். கோர்ட்டு ஏத்துக்கல. ஆர்டர்லயே எழுதியிருக்குதுங்க. மொதல்ல உக்காருங்க. சாப்புட்டு எத்தன நாளாச்சு?"

அவன் உட்கார்ந்தான். பசி அப்படி. அவள் தன் கையாலேயே இலை போட்டாள். வடை, அப்பளம், கூட்டு, பொரியல், சாதம் எல்லாம் வைத்தாள். அவன் குனிந்து வாரி வாரித் தின்றான். அவள் எதிரில் குந்தி உட்கார்ந்து, அவனுக்கு மட்டும் கேட்கிற மாதிரி பேசினாள்.

"இன்னொருக்கா வேணுமுன்னாலும் வந்து சொல்றனுங்க. உசுரோடதான் இருக்காருன்னு சத்தியம் பண்றேன். பங்காளிகளையும் சொல்லச் சொல்றேன். நீங்க உசுரோட எந்திரிச்சா, கேசும் எந்திரிக்கும். நூத்திப் பத்து மாசம் பாக்கி. மாசத்துக்கு ஒரு மாசம் உள்ள. வக்கீலய்யா கணக்குப் போட்டு வெச்சிருக்காரு, ஒம்பது வருசத்துக்கு மேல வருதாம். வாரண்டுல உங்க வயசத் திருத்தற மனுவையும் இப்பவே எழுதி வெச்சிட்டோம். ஏட்டய்யா பக்கத்து எலையிலதான் இருக்காரு. நான் இப்பவே ஒரு வார்த்தை சொன்னாப் போதும். என்னங்க, சொல்லட்டுங்களா?"

தீனதயாளனின் கை சோற்றில் நின்றது. பக்கத்து இலையைப் பார்த்தான். ஏட்டின் இடுப்பு பெல்ட்டைப் பார்த்தான். வீட்டைப் பார்த்தான். நெற்றியில் பெயர் எழுதிய லாரி பந்தலுக்கு வெளியே நின்றது. அதை ரொம்ப நேரம் பார்த்தான். அவன் முகத்தில் ஒவ்வொன்றும் வந்து போவதை, பல்பு வெளிச்சத்தில் முட்டையைப் பார்ப்பது போல, சௌந்திரம் பார்த்துக்கொண்டிருந்தாள். இதற்காக ஒன்பது வருடம் காத்திருந்தவள் இன்னும் ரெண்டு நிமிடம் காத்திருக்க மாட்டாளா?

கடைசியில் அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"வேண்டாம்" என்றான் மெதுவாக. "கொஞ்சம் ரசம் ஊத்து."

சௌந்திரம் எழுந்து, வாளியைக் கொண்டுவந்து, இலை நிறைய ஊற்றினாள்.

"வெரசாச் சாப்புடுங்க" என்றாள். "மத்தியானம் ரிக்கு மேச்சேரிக்குக் கெளம்போணும். நான் போயி போர் போடற பாயிண்டு பாக்கோணும்."